இரண்டு அட்டைக்கு ஒரு மடை

அனுப்புநர்
மா. தியாகேசன்,
தலைமையாசிரியர் (ஓய்வு),
பள்ளிக்கூடத் தெரு, கருவேலங்குடி,
திருத்துறைப்பூண்டி வட்டம், திருவாரூர் மாவட்டம்.

பெறுநர்
மாவட்டக் காவல் கண்காணிப்பாளர் அவர்கள்,
மாவட்டக் காவல் அலுவலகம்,
திருவாரூர்.

பொருள்: போலி அட்டைகளால் ஏ.டி.எம். இயந்திரத்தில் பணம் திருடியவரைக் கருவேலங்குடிப் பெண்கள் கையும் களவுமாகப் பிடித்தது – காவல்துறைக்குத் தொலைபேசியில் தகவல் தந்த திருமதி அம்சம் என்பவரே கூட்டாளி என்று சிறையில் அடைக்கப்பட்டது – அவரை வழக்கிலிருந்து விடுவிக்க வேண்டுதல் – தொடர்பாக.

பார்வை: கருவேலங்குடி காவல் நிலையம், குற்ற எண் 212/2018, நாள் 01.09.2018.

மதிப்பிற்குரிய ஐயா,

வணக்கம்.

1. மனு எழுதும்போது பதற்றம் கூடாது, சொல்ல வந்ததை ஒன்றன்பின் ஒன்றாகச் சொல்ல வேண்டும் என்று பிள்ளைகளுக்குக் கடிதப் பாடம் நடத்தியவன் நான். இந்த மனுவை மூன்று முறை கிழித்துப் போட்டுவிட்டு நான்காம் முறையாக எழுதுகிறேன். இப்போதும் பேனா என்னை முந்திக்கொண்டு ஓடுகிறது. காரணம், எங்கள் ஊர் ஒரு பெரிய காரியம் செய்திருக்கிறது. அதைச் சொல்லும்போது எனக்கு நெஞ்சு நிமிர்கிறது. அந்தக் காரியத்தைச் செய்த பெண்மணியே இன்று திருச்சி மகளிர் சிறையில் இருக்கிறார். அதைச் சொல்லும்போது தலை குனிகிறது. இரண்டையும் ஒரே மனுவில் எழுத வேண்டியிருப்பதால் நடை சற்று முன்பின்னாக இருக்கலாம். பொறுத்தருள வேண்டுகிறேன்.

2. முதலில் அம்சம் யார் என்று சொல்லிவிடுகிறேன். கருவேலங்குடி தெற்குத் தெருவைச் சேர்ந்தவர். வயது நாற்பத்தெட்டு. கணவர் இல்லை. இவருடைய பெற்றோர் பண்ணையில் கூலி வேலை செய்தவர்கள். இவர் காலத்தில் கோயில் நிலத்தில் ஏழு மா (இரண்டேகால் ஏக்கர் அளவு) குத்தகைக்கு எடுத்துச் சொந்தமாகப் பயிர் செய்கிறார். எட்டாம் வகுப்பு வரை என்னிடம் படித்தவர். படிப்பில் சுமார்தான். ஆனால் வகுப்பில் யாருடைய பலப்பம் தொலைந்தாலும் பிள்ளைகள் இவரிடம்தான் போய்ச் சொல்வார்கள், என்னிடம் வரமாட்டார்கள். இன்றைக்கும் அப்படித்தான்.

3. எங்கள் ஊரிலும் சுற்றியுள்ள சிற்றூர்களிலும் சேர்த்துப் பணம் எடுக்கும் இயந்திரம் ஒன்றே ஒன்று. கடைத்தெருவில் இருக்கிறது. நூறு நாள் வேலைக் கூலி, முதியோர் உதவித்தொகை, வெளிநாட்டிலிருந்து பிள்ளைகள் அனுப்பும் பணம் எல்லாம் இப்போது வங்கிக் கணக்கில்தான் வருகின்றன. அட்டை எல்லோரிடமும் இருக்கிறது. ஆனால் அந்தக் கண்ணாடிக் கதவுக்குள் தனியாக நுழையப் பாதிப் பேர் தயங்குவார்கள். இயந்திரம் அட்டையை விழுங்கிவிடும் என்ற பயம் ஒரு பக்கம். ஒரு நாள் வேலையை விட்டுவிட்டு வந்து வரிசையில் நிற்க முடியாத நிலை இன்னொரு பக்கம். ஆகவே, ஒரு தெருவுக்கு ஒருவர் என்று ஆள் வைத்துக்கொண்டார்கள். தெருவிலுள்ளோர் அட்டையை அவரிடம் கொடுத்துவிடுவார்கள். அட்டையைச் சுற்றி ஒரு துண்டுத் தாள், அதில் ரகசிய எண், மேலே ஒரு ரப்பர் வளையம். சனிக்கிழமை காலை அவர் எல்லோருக்கும் எடுத்து வந்து வீடு வீடாகக் கொடுப்பார். தெற்குத் தெருவுக்கு அந்த ஆள் அம்சம்.

ரகசிய எண்ணை இப்படி எழுதி வைக்கக் கூடாது என்று வங்கிக்காரர்கள் எத்தனையோ முறை சொல்லிவிட்டார்கள். அது எங்கள் தவறுதான். மறுக்கவில்லை. கண்புரை அறுவைச் சிகிச்சைக்குப் பிறகு இயந்திரத்தின் எழுத்து எனக்குச் சரியாகத் தெரிவதில்லை. அதனால் ஓய்வூதியம் எடுக்க என் அட்டையும் அம்சத்திடம்தான் இருந்தது. அதன்மேலும் ஒரு துண்டுத் தாள் இருந்தது. எழுதியது நானே.

4. இந்தப் பழக்கத்தில் ஒரு சிக்கல் வந்தது. கையில் அட்டைக் கட்டு வைத்திருப்பவர் உள்ளே போனால் வெளியே வர அரை மணி ஆகும். ஒரே ஓர் அட்டையோடு வந்தவர் வெயிலில் காய்வார். முன்பு பழைய நோட்டுகள் செல்லாமல் போய் ஊரே வரிசையில் நின்ற நாட்களில் இதனால் பெரிய சண்டைகள் நடந்தன. அப்போது அம்சம் ஒரு வழி சொன்னார்: “வாய்க்கால்ல தண்ணி வந்தா ஒருத்தரே மடையத் தொறந்து வச்சுக்கிட்டு ஒக்காந்திருப்பமா? மாத்தி மாத்திதான பாச்சுறோம். இங்கயும் அப்புடியே பாச்சுவோம்.”

தாங்கள் வேறு மாவட்டத்தைச் சேர்ந்தவராக இருக்கலாம் என்பதால் விளக்குகிறேன். நாங்கள் கடைமடைக்காரர்கள். இந்த ஆண்டு மேட்டூர் நிரம்பி வழிந்தும் எங்கள் வாய்க்காலுக்குத் தண்ணீர் வந்து சேர ஆவணி ஆகிவிட்டது. வருகிற கொஞ்சத் தண்ணீரை முறை வைத்துத்தான் பாய்ச்சுகிறோம். என் முறை முடிந்தால் என் மடையை நான் அடைக்க வேண்டும்; அடுத்தவர் மடை திறக்கும். அடைக்க மறுப்பவரை ஊர் எளிதில் மன்னிக்காது. இதே வழக்கம் இயந்திரத்துக்கும் வந்தது. கட்டு வைத்திருப்பவர் இரண்டு அட்டைக்குப் பணம் எடுத்ததும் வெளியே வந்துவிட வேண்டும். ஒற்றை அட்டைக்காரர் ஒருவர் உள்ளே போய் வருவார். பிறகு மறுபடி இரண்டு. இதற்கு எங்கள் ஊரில் ‘மடை மாற்றுவது’ என்றே பெயர். எந்தப் பலகையிலும் இது எழுதப்படவில்லை. ஆயினும் மீறுபவர் கிடையாது. அந்த இயந்திரத்தின் காவலாளி ஜெக்கரியா சொல்வார்: “சார், நான் இங்க வாட்ச்மேன் இல்ல, நீர்ப்பாச்சி.”

5. இனி 01.09.2018 சனிக்கிழமை காலை நடந்ததைக் கண்ணால் கண்டபடி எழுதுகிறேன். என் ஓய்வூதியம் வரும் நாளாகையால் நானும் அங்கே இருந்தேன். ஜெக்கரியா தமது நாற்காலியை எனக்குக் கொடுத்துவிட்டு நின்றுகொண்டிருந்தார். வரிசையில் இருபது பேர் இருக்கலாம். அம்சம் தம் வயர்க்கூடையைத் தமக்கு முன்னால் தரையில் வைத்திருந்தார். அவருக்குப் பின்னால் அதே தெருவைச் சேர்ந்த ராசம்மாள் நின்றார். இவர் ஒற்றை அட்டைக்காரர், பொறுமையும் அவ்வளவே.

அப்போது மோட்டார் சைக்கிளில் இருவர் வந்தார்கள். ஒருவர் வண்டியிலேயே இருந்தார். மற்றவர் தலையில் தொப்பி, வாயில் துணி முகமூடி, கையில் ஒரு கட்டு அட்டையோடு வரிசைக்கு வந்தார். வயது முப்பதுக்குள் இருக்கும்.

6. ஐயா, வேறு எந்த ஊராக இருந்தாலும் ஒருவர் கையில் இத்தனை அட்டைகளைப் பார்த்ததும் சந்தேகப்பட்டிருப்பார்கள். எங்களுக்குச் சந்தேகம் வரவில்லை. எங்கள் கண்ணுக்கு அவர் ஏதோ ஒரு தெருவுக்குப் பணம் எடுக்க வந்த நல்ல பிள்ளை. ஜெக்கரியா அவரைப் பார்த்து, “எந்தத் தெருவுக்குத் தம்பி?” என்று கேட்டார். அவர் ஒரு கணம் விழித்துவிட்டு, “கீழத் தெரு” என்றார். உடனே ராசம்மாள் அம்சத்தை இடித்து, “ஏ அம்சம், கீழத்தெருக்காரங்க ஒனக்குப் போட்டியா ஆளு எறக்கிட்டாங்கடி! அதுவும் பேன்ட் போட்ட ஆளு!” என்றார். வரிசையே சிரித்தது. அந்த நபருக்குக் குடிக்கத் தண்ணீர்கூடக் கொடுத்தோம் என்பதை வெட்கத்தோடு பதிவு செய்கிறேன். கட்டோடு வந்தவர் வெயிலில் நிற்கிறாரே என்று வரிசையில் முன்னாலும் விட்டோம்.

அவர் உள்ளே போகும் முன் அம்சம் அவரருகே சென்று, மெதுவான குரலில், “தம்பி, புதுசா வந்திருக்கீங்க. ரெண்டு கார்டு போட்டுட்டு வெளிய வந்துடுங்க. மறுபடி ஒங்களுக்கு வரும்” என்று சொன்னார். மற்றவர் முன்னால் அவர் கூச்சப்படக் கூடாது என்பதற்காகத்தான் மெதுவாகச் சொன்னார். அவரும் தலையை ஆட்டினார். ஐயா, இந்த ஒரு நிமிடத்தைத் தயவுசெய்து நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் இதைப் பற்றிப் பேச வேண்டியிருக்கிறது.

7. முதல் அட்டை ஆயிற்று. இரண்டாம் அட்டை ஆயிற்று. அவர் வெளியே வரவில்லை. மூன்றாவதைச் செருகினார். ராசம்மாள் கண்ணாடியைத் தட்டினார். “தம்பி, மடைய மாத்து!” உள்ளே இருந்தவர் திரும்பிப் பார்க்கவில்லை. நான்காவது அட்டை. “ஏப்பா, ஒங்கப்பன் வீட்டு வாய்க்காலா? மடைய மாத்துங்கறன்ல!” அவர் கதவைச் சற்றுத் திறந்து, “என்னக்கா மடை? எந்த மடை?” என்று கேட்டுவிட்டு மறுபடி சாத்திக்கொண்டார்.

கீழத் தெருவில் பிறந்த ஒருவர் ‘எந்த மடை’ என்று கேட்பாரா? ஆனாலும் அப்போதும் நாங்கள் திருட்டை நினைக்கவில்லை. முறை மீறல் என்றே நினைத்தோம். ராசம்மாள் கதவின் வெளிப்பக்கக் கைப்பிடியில் தம் தோளில் கிடந்த துண்டைச் சுற்றி, பக்கத்துக் கம்பியில் கட்டிவிட்டார். “முறைய மீறுனவன் உள்ளயே கெடக்கட்டும். பஞ்சாயத்து பேசிட்டு விடுவோம்” என்றார். இரண்டு பெண்கள் துண்டின் முனையைப் பிடித்துக்கொண்டார்கள். வண்டியில் இருந்தவர் அதைப் பார்த்ததும் புறப்பட்டுப் போனார். கூட வந்தவரை விட்டுவிட்டு அவர் ஏன் இப்படி ஓடுகிறார் என்றுதான் அப்போது வியந்தோம்.

8. உள்ளே இருந்தவர் கதவை இழுத்துப் பார்த்தார். வரவில்லை. முகமூடியை இறக்கிவிட்டு, கதவின் இடுக்கு வழியே, “அக்கா, ஆளுக்கு ரெண்டாயிரம் தர்றேன். விட்டுடுங்கக்கா” என்றார். ஐயா, திருடன் பிடிபட்டது அந்த நொடியில்தான். ராசம்மாள் எங்கள் பக்கம் திரும்பிக் கேட்டதை அப்படியே தருகிறேன்: “மடை மாத்தாததுக்கு எவனாச்சும் ரெண்டாயிரம் குடுப்பானா? இவன் வேற என்னமோ பண்ணியிருக்கான்!”

அதன் பிறகே அம்சம் கண்ணாடியில் முகத்தை வைத்து உள்ளே உற்றுப் பார்த்தார். இயந்திரத்தின் மேல் பரப்பி வைத்திருந்த அட்டைகள் எல்லாம் வெறும் வெள்ளை. வங்கிப் பெயர் இல்லை, படம் இல்லை. ஒவ்வொன்றிலும் ஒரு துண்டுத் தாள் ஒட்டி எண் எழுதியிருந்தது. “சார், இது கார்டே இல்ல சார். கார்டு மாதிரி வெட்டுன பிளாஸ்டிக்” என்று என்னிடம் சொல்லிவிட்டுத் தம் கைப்பேசியை எடுத்து நூறுக்கு அழைத்தார். பேசியதை நான் அருகிலிருந்து கேட்டேன். தம் பெயர், ஊர், இடம் எல்லாம் தெளிவாகச் சொல்லிவிட்டுக் கடைசியில், “சீக்கிரம் வாங்க சார், ராசம்மா துண்டு பழசு” என்றார்.

9. காவல் நிலையத்திலிருந்து உதவி ஆய்வாளர் விரைந்து வந்தார். அதற்காக அவருக்கு நன்றி சொல்லக் கடமைப்பட்டிருக்கிறோம். பிடிபட்டவரை வெளியே கொண்டுவந்தார். கூட்டம் கைதட்டியது. எழுபத்திரண்டு வயதில் நானும் கைதட்டினேன். பிறகு விசாரிக்கத் தொடங்கினார். யார் முதலில் பார்த்தது என்று கேட்டார். அம்சம் முன்னால் வந்தார். அவர் கையில் பத்தொன்பது அட்டைகள் கொண்ட கட்டு இருந்தது. ஒவ்வொன்றிலும் ஒரு துண்டுத் தாள். ஒவ்வொரு தாளிலும் ஓர் எண்.

அங்கேதான், ஐயா, எங்கள் நல்ல நாள் கெட்டுப்போனது. “ஒரு பொம்பள கையில எதுக்கும்மா இத்தன கார்டு?” என்று கேட்டார். அம்சம், “தெருவுக்கு சார்” என்றார். எங்கள் ஊரில் அது முழுமையான பதில். அவருக்கு அது பதிலாகவே தோன்றவில்லை. எதிரே உரக்கடை வைத்திருக்கும் துரைராசு என்பவரை விசாரித்தபோது, பிடிபட்டவரும் அம்சமும் முன்கூட்டியே தனியாகப் பேசிக்கொண்டிருந்ததைப் பார்த்ததாக அவர் வாக்குமூலம் தந்தார். பங்கு பிரிப்பதில் தகராறு வந்து ஒருவரை ஒருவர் காட்டிக்கொடுத்தார்கள் என்று முடிவாயிற்று. பிடிபட்டவர் முதல் எதிரி. அம்சம் இரண்டாம் எதிரி. நாங்கள் எல்லோரும் ஒரே நேரத்தில் பேசினோம். ஒரே நேரத்தில் எல்லோரும் பேசினால் யாருடைய குரலும் கேட்காது என்பது வகுப்பறையில் நான் தினமும் சொன்ன பாடம். அன்று நானே அதை மறந்துவிட்டேன்.

10. உதவி ஆய்வாளர் மீது குறை சொல்வது என் நோக்கமன்று. அவர் மாற்றலாகி வந்து ஒரு மாதம்கூட ஆகவில்லை. ஓர் உதாரணம் சொல்ல அனுமதி வேண்டுகிறேன். நெற்பயிருக்குள் குதிரைவாலிப் புல் என்று ஒரு களை முளைக்கும். இளம் பருவத்தில் நெல்லும் அதுவும் அச்சில் வார்த்தாற்போல் ஒன்றாக இருக்கும். களை பறிக்கப் புதிதாக இறங்குகிறவர் முதல் நாள் புல்லோடு நெல்லையும் பிடுங்கிவிடுவார். அவரை யாரும் திட்டுவதில்லை. ஆனால், பிடுங்கிய நெல்லை அப்போதே சேற்றில் திரும்ப ஊன்றிவிட வேண்டும். வெயில் ஏறிவிட்டால் பிழைக்காது. அதற்காகத்தான் இவ்வளவு அவசரமாகத் தங்களிடம் ஓடி வருகிறேன். வரும் 14ஆம் தேதி அம்சம் காவல் நீட்டிப்புக்காக நீதிமன்றத்துக்கு அழைத்து வரப்பட இருக்கிறார்.

11. பிடிபட்டவரிடமிருந்த வெள்ளை அட்டைகள் நாகூர் தர்காவுக்கு வந்து போன யாத்ரீகர்களின் அட்டைகளிலிருந்து நகல் எடுக்கப்பட்டவை என்று நாளிதழில் படித்தேன். வழியில் எங்கோ அவர்கள் அட்டை தேய்த்த இடத்தில் யாரோ ஒரு கருவியை மறைத்து வைத்திருந்தார்களாம். அவ்வாறு பணம் இழந்தவர்களில் ஒருவர் கீழக்கரையைச் சேர்ந்த தையல்காரர் அப்துல் ஹமீது. கருவேலங்குடியில் பணம் எடுக்கப்பட்டதாகத் தம் கைப்பேசிக்குச் செய்தி வந்தபோது இப்படி ஓர் ஊர் இருப்பதே அவருக்குத் தெரியாதாம். செய்தித்தாளில் விவரம் கண்டு, கடந்த வியாழனன்று பேருந்து மாறி மாறி எங்கள் ஊருக்கே வந்துவிட்டார். கையில் தேங்காய்ப்பாலில் கிண்டிய தொதல், ஒரு பெரிய பொட்டலம். வரிசையில் நின்ற ஒவ்வொருவருக்கும் தம் கையாலேயே கொடுத்தார். பிறகு கேட்டார்: “போலீசுக்குப் போன் பண்ணின அம்மா யாருங்க? அவங்களுக்குத் தனியா எடுத்து வச்சிருக்கேன்.”

ராசம்மாள்தான் சொன்னார். “அது செயில்ல இருக்கு பாய்.” அவர் அதைப் புரிந்துகொள்ளவே நேரமாயிற்று. “திருடனைப் பிடிச்சுக் குடுத்தவங்களா?” என்று இரண்டு முறை கேட்டார். அவருக்குச் சொல்ல வேண்டிய பதில் தங்களிடம் இருக்கும் என்று நம்புகிறேன்.

12. இனித் துரைராசு பற்றி. அவரும் என் மாணவரே. அம்சம் குத்தகைக்கு வைத்திருக்கும் கோயில் நிலம் தம் பாட்டனார் காலத்துக் குத்தகை என்று அவர் வருவாய் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டிருக்கிறார். இரண்டு ஆண்டுகளாக நடக்கிறது. அம்சம் மீது திருட்டு வழக்கு நிலைத்தால் அந்தக் குத்தகையும் கைநழுவும் என்று தெருவில் பேசிக்கொள்கிறார்கள். நான் அப்படி எழுதி இந்த மனுவின் பக்கங்களை நிரப்ப முடியும். எழுத மாட்டேன். துரைராசு பொய் சொல்லும் பிள்ளை அல்ல. பார்த்ததைத்தான் சொன்னார். ஆனால் பாதியைத்தான் பார்த்தார். கடைக்குள்ளிருந்து பார்த்தவருக்கு இருவரும் பேசியது தெரிந்தது; ‘ரெண்டு கார்டு போட்டுட்டு வெளிய வந்துடுங்க’ என்ற சொல் கேட்கவில்லை.

13. இந்த மனுவை நேற்று ஞாயிற்றுக்கிழமை நான் எழுதிக்கொண்டிருந்தபோது நடந்த ஒன்றைச் சொல்லாமல் விட முடியவில்லை. துரைராசு தம் தாயார் ஞானாம்பாள் அம்மையாரைக் காரில் என் வீட்டுக்கு அழைத்து வந்தார். எதற்கு வருகிறார் என்று மகனுக்கே தெரியாது. எழுபத்தாறு வயதில் அந்த அம்மையார் கைத்தடியை ஊன்றி உள்ளே வந்து, நின்றபடியே சொன்னார்:

“வாத்தியாரே, அந்தப் பத்தொம்போதுல ஒண்ணு எம் கார்டு. எழுதிக்கிங்க.”

துரைராசு திகைத்துப்போனார். “என்னம்மா சொல்றீங்க? அண்ணன் சிங்கப்பூர்லேருந்து அனுப்புற பணமா? அத அந்த அம்சமா எடுத்துத் தருது?”

“வேற யாரு எடுத்துத் தருவா? ஒங்கிட்ட குடுத்தா எதுக்கு, என்னத்துக்குன்னு குடைவ. பேத்திக்கு ஒரு கொலுசு வாங்கணும்னாலும் ஒங்கிட்ட மனு போடணும். அம்சம் கொல்லப்பக்கமா வரும், குடுக்கும், போயிடும். ஒரு வார்த்த கேக்காது.”

“நம்மகிட்ட கேஸு நடத்துற ஆளும்மா அது!”

“நெலத்துல உள்ள சண்ட நெலத்தோட இருக்கட்டும்டா. நம்பிக் குடுத்தது வேற. நீ சொன்ன சொல்லால அது உள்ள கெடக்குது. எனக்குச் சோறு எறங்கல.”

துரைராசு என்னிடம் ஒரு வெள்ளைத் தாள் கேட்டார். “சார், பேசுனதப் பாத்தேன். என்ன பேசுனாங்கன்னு கேக்கல. அத அப்படியே எழுதிக் குடுத்துடறேன்” என்றார். எழுதிக் கையெழுத்திட்டார். வாசல் வரை போனவர் திரும்பி வந்து, “ஆனா நெலத்துக் கேஸ வாபஸ் வாங்க மாட்டேன் சார். அது வேற” என்றார். அதுதான் நியாயம் என்று நானும் சொன்னேன். அவர் எழுதிக் கொடுத்த தாள் இம்மனுவுடன் இணைக்கப்பட்டுள்ளது.

14. ஆகவே, ஐயா, தங்களிடம் நாங்கள் வேண்டுவது சலுகை அன்று. பார்த்துவிட்டு முடிவு செய்யுங்கள் என்பதே.

அன்று காலை எங்கள் ஊரிலிருந்து நூறுக்கு வந்த அழைப்பு யாருடைய கைப்பேசியிலிருந்து வந்தது என்று தங்கள் கட்டுப்பாட்டு அறையில் ஒரு முறை பார்க்கச் சொல்லுங்கள். பங்குத் தகராறு வந்த கூட்டாளி தம் பெயரையும் ஊரையும் சொல்லிக் காவல்துறையைக் கூப்பிடுவாரா?

கண்காணிப்புக் கேமராவின் பதிவை முழுவதும் பாருங்கள். அந்த நபருக்கு நாங்கள் தண்ணீர் கொடுப்பதும் அதில் இருக்கும். எங்களுக்கு அவமானம்தான். பரவாயில்லை. கூடவே ராசம்மாளின் துண்டும், அம்சம் தொலைபேசியை எடுப்பதும் இருக்கும்.

அம்சத்திடம் கைப்பற்றிய அட்டைகளை வங்கிக்கு அனுப்பிச் சோதியுங்கள். எல்லாம் அசல். உடையவர்கள் எல்லோரும் உயிரோடு, ஊரோடு இருக்கிறோம். நாங்களே கொடுத்தோம், எங்கள் கையால் கொடுத்தோம் என்று எல்லோரும் இதன் கீழே கையொப்பமும் கைநாட்டும் இட்டிருக்கிறோம். ஞானாம்பாள் அம்மையாரின் கையொப்பம் முதலில் இருக்கிறது. அவரே முதலில் போட வேண்டும் என்று கேட்டுப் போட்டார். அப்துல் ஹமீது அவர்களும் அழைத்தால் வந்து சாட்சி சொல்வதாகக் கூறியிருக்கிறார்.

இவற்றையெல்லாம் 14ஆம் தேதிக்கு முன்பே பார்த்து, அம்சத்துக்கு இக்குற்றத்தில் தொடர்பில்லை என்று நீதிமன்றத்தில் அறிக்கை தாக்கல் செய்ய உத்தரவிடும்படி பணிவுடன் வேண்டுகிறேன். தப்பி ஓடிய மோட்டார் சைக்கிள்காரரைத் தேடவும் வேண்டுகிறேன். எங்களுக்கு வர வேண்டிய பாராட்டைப் பற்றி நாங்கள் கேட்கவில்லை. ராசம்மாள் மட்டும் தம் துண்டு வழக்குச் சொத்தாகக் காவல் நிலையத்தில் இருப்பதாகவும், வழக்கு முடிந்ததும் அதைத் திருப்பித் தர வேண்டும் என்றும் எழுதச் சொன்னார், எழுதிவிட்டேன்.

15. கடைசியாக ஒன்று. அம்சம் நேரடி விதைப்பாக விதைத்த வயலுக்குக் கடந்த வாரம் தண்ணீர் முறை வந்தது. அவர் இல்லை. முறை வந்தவர் இல்லாவிட்டால் அடுத்தவர் மடையைத் திறந்துகொள்ளலாம் என்பது வாய்க்கால் வழக்கம். யாரும் திறந்துகொள்ளவில்லை. ராசம்மாள் போய் அம்சத்தின் மடையைத் திறந்து, வயல் நிறைந்த பிறகு அடைத்துவிட்டு வந்தார். பயிர் நன்றாக இருக்கிறது.

இயந்திரத்து வாசலிலும் அப்படித்தான். அம்சத்தைக் காவல் வாகனத்தில் ஏற்றியபோது அவருடைய வயர்க்கூடை வரிசையிலேயே நின்றுவிட்டது. அன்று மாலை ஜெக்கரியா அதை உள்ளே எடுத்து வைத்தார். மறுநாள் காலை அதே இடத்தில் வெளியே கொண்டுவந்து வைத்தார். அன்றிலிருந்து தினமும் அப்படித்தான் நடக்கிறது. வருகிறவர்கள் கூடைக்குப் பின்னால் நிற்கிறார்கள். தம் முறை வரும்போது கூடையிடம் சொல்லிக்கொள்வதுபோல் ஒரு பார்வை பார்த்துவிட்டுத் தாண்டிப் போகிறார்கள்; ஒருவரும் அதை நகர்த்துவதில்லை. அப்துல் ஹமீது தனியாக எடுத்து வைத்த தொதல் அந்தக் கூடைக்குள்தான் இருக்கிறது. கெடாத பண்டம் என்று அவர் சொல்லிவிட்டுப் போயிருக்கிறார். ஆனாலும் நாள் ஆகிறது, ஐயா. அம்சத்தின் முறை எப்போதோ வந்துவிட்டது. வந்து கூடையை எடுத்துக்கொள்ளச் சொல்லி அனுப்புங்கள்.

முறைக்குக் காத்திருக்கும் ஊரின் சார்பில்,

(ஒப்பம்) மா. தியாகேசன்

இடம்: கருவேலங்குடி
நாள்: 10.09.2018

இணைப்பு:
அட்டை உடையவர்களின் கையொப்பங்களும் கைநாட்டுகளும்.
திரு. துரைராசு தம் கைப்பட எழுதிய விளக்கம்.